துணைக்கால்

பழைய தேயிலைத் தொழிற்சாலையின் மேல்மாடியில், முன்பு கொழுந்து வாட வைத்த இடத்தில், இப்போது முடிச்சறை இருக்கிறது. கொழும்பிலிருந்து வந்த ஒரு கம்பனி கட்டியது. கீழ்த்தளத்துக் கதவு வழியாகக் கடந்த காலத்துக்குப் போகலாம். போனவர்கள் எதையாவது மாற்றிவிட்டால் நடந்ததும் நடக்காததும் ஒன்றோடொன்று சிக்கிக்கொள்ளும். அந்தச் சிக்கலை உள்ளே இழுத்து அடைத்து வைப்பதற்குத்தான் மாடியில் இந்தக் கண்ணாடி அறை. இப்போது அதற்குள் ஒரு நாய் இருக்கிறது. செத்துப்போன நாய், சாகாத நாயும் அதுதான். எட்டு மாதமாக வாயைத் திறந்து குரைக்கிறது. சத்தம் வெளியே வருவதில்லை. அந்தக் கண்ணாடியைத் துடைப்பது என் வேலை.

இன்று அதற்குள் என் தங்கையைப் போடப் போகிறார்கள்.

போன நவம்பர் மழையில் மலை இறங்கி எங்கள் லயத்து வரிசை வீடுகளை மூடியது. அம்மாவும் தங்கை நிலக்ஷியும் உள்ளே இருந்தார்கள். இருவரையும் தோண்டி எடுத்துப் புதைத்தோம். போன வியாழக்கிழமை, இந்த இடத்துக்குப் பொறுப்பான மைக்கல் சேர் கீழ்க்கதவைப் பூட்டாமல் சாப்பிடப் போனார். நான் விளக்குமாற்றைச் சுவரில் சாய்த்துவிட்டு அந்த நவம்பர் காலைக்குப் போனேன். இரண்டு நிமிடம்தான் கிடைத்தது. வாசலுக்குக் கிட்ட நின்றவளின் முடியைப் பிடித்து இழுத்து வந்தேன். அம்மா அடுப்படியில் இருந்தாள்.

நான்கு நாட்களாக நிலக்ஷி என்னிடம் பேசியது ஒரே வரி.

"அம்மாவ விட்டுட்டு என்னைய ஏன் இழுத்த?"

அக்கா என்ற சொல் அவள் வாயில் இல்லாமலே போய்விட்டது.

"அஞ்சு மணிக்கு கம்பனி ஜீப் வருது. அதுக்குள்ள இவ உள்ள இருக்கணும். இல்லாட்டி என் வேல போச்சு" என்றார் மைக்கல்.

"நீங்களும் லயத்துல பொறந்தவர்தானே சேர்?"

"பொறந்தேன். அங்கயே கெடக்கல."

முடிச்சறைக்கு முகம் தெரியாது. எழுத்து மட்டும்தான் தெரியும். செத்தவளும் உயிரோடு நிற்பவளும் ஒருத்தியே என்று பதிவில் இருந்தால் கதவு தானாகத் திறந்து ஆளை இழுத்துக்கொள்ளும். ஆனால் நிலக்ஷியின் மரணச் சான்றிதழில் அவள் பெயர் இல்லை. பதிவாளர் தன் காதில் விழுந்ததை எழுதியிருந்தார்: நிலந்தி. அதைத் திருத்த நான் அலையாத அலுவலகம் இல்லை. ஜனவரியில் மைக்கல் சேரிடம்தான் கெஞ்சி ஒரு சத்தியக்கடதாசி டைப் பண்ணி வாங்கினேன். ராகலையில் சமாதான நீதவானான ஜே.பி.யிடம் கையெழுத்தும் வாங்கினேன். நிலந்தி என்பவரும் நிலக்ஷி என்பவரும் ஒருவரே என்று இந்து சமயத்தவளாகிய நான் சத்தியம் செய்கிறேன். அதைப் பொலித்தீனில் சுற்றி எப்போதும் பையில் வைத்திருந்தேன்.

அது அவருக்கு ஞாபகம் இருந்தது. பையைப் பிடுங்கினார். நான் அவர் கையைக் கடித்தேன். அவர் என்னைச் சுவரில் தள்ளிவிட்டுக் கடதாசியை முடிச்சறை இயந்திரத்தின் வாயில் வைத்தார்.

திரையில் எழுத்து வந்தது. 'ஆட்கள் மூவர். முரண் இல்லை.'

"மூவரா?" அவர் கடதாசியை வெளியே இழுத்துப் பார்த்தார். அதில் நிலக்ஷி இல்லை. 'நிலக்சி' என்று இருந்தது. செத்த நிலந்தி, கடதாசியில் நிலக்சி, உயிரோடு நிற்கும் நிலக்ஷி என்று இயந்திரத்துக்கு மூன்று பேர். கீபோர்டில் 'க்ஷ' எங்கே இருக்கிறது என்று தேட அன்று அவருக்குச் சோம்பல். கடதாசி கிடைத்த சந்தோஷத்தில் நானும் வாசிக்கவில்லை.

நான் சிரித்துவிட்டேன். "ஒங்க கையாலதான் சேர் டைப் பண்ணுனீங்க."

"வாய மூடு. வேற கடதாசி அடிக்கிறேன். நீ கையெழுத்து போடு."

"என் கைய வெட்டி எடுத்துப் போட்டுக்கங்க."

அவர் என்னை விட்டுவிட்டு நிலக்ஷியின் பக்கம் திரும்பினார். அவள் மூலையில் மண் கறை போகாத அந்த நவம்பர் காலைப் பாவாடையோடு நின்றாள். அவர் குரல் குழைந்தது.

"ஒங்கக்கா செஞ்சது ஒனக்கே புடிக்கலதானே? நீயே சத்தியம் பண்ணலாம். ஜே.பி. முத்திரைய நான் பாத்துக்கிறேன்."

"உள்ள போனா அம்மாகிட்ட போயிருவேனா?"

"போயிருவ."

"பொய்டி!" என்று கத்தினேன். "அந்த நாயப் பாரு!"

நிலக்ஷி நாயைப் பார்த்தாள். நாயும் வாயைத் திறந்தபடி அவளைப் பார்த்தது. பிறகு என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் எனக்கு எதுவும் மிச்சம் இல்லை.

"பேனாவ தாங்க" என்றாள்.

மைக்கல் அவசரமாக அடித்த புதிய கடதாசியில் பெயருக்கு மட்டும் இடம் விட்டிருந்தார். "ஒன் பேர நீயே எழுது. மறுபடி பிழ வரக்கூடாது."

அவள் குனிந்து எழுதினாள். கீழே கையெழுத்தும் போட்டாள். நான் ஓடிப் போய்ப் பறிக்கப் பார்த்தேன். அவளே முழங்கையால் என் நெஞ்சில் குத்தினாள். மைக்கல் முத்திரையைக் குத்தி, கடதாசியை வாசிக்காமல் உள்ளே வைத்தார்.

முடிச்சறை உறுமியது. கண்ணாடிக் கதவு அரை அங்குலம் நகர்ந்தது. அப்படியே நின்றது.

'ஆட்கள் நால்வர். முரண் இல்லை.'

கதவு மூடிக்கொண்டது. மைக்கல் கடதாசியை வெளிச்சத்தில் பிடித்தார். 'நிலாக்ஷி' என்று இருந்தது. லகரத்துக்குப் பக்கத்தில் ஒரு துணைக்கால்.

"ஏய்! வேணும்னே செஞ்சியா?"

"நான் எட்டாம் வகுப்பு சேர். எழுத்துப் பிழ வரும்."

வளைவில் ஜீப் ஹோர்ன் அடித்தது. மைக்கல் இரண்டு கடதாசிகளையும் சட்டைக்குள் திணித்துக்கொண்டு ஜன்னலுக்கு ஓடினார்.

நாங்கள் பின்படி வழியாக இறங்கினோம். அவள் முன்னே, நான் பின்னே.

"எனக்கு உசிரே போயிருச்சுடி" என்றேன். "அந்தக் கால ஏன் அப்பிடிப் போட்ட?"

"வெளிய நடந்து வர ஒரு கால் வேணாமா?"

நான் அவள் தோளைத் தொட்டேன். கையைத் தட்டிவிட்டாள்.

"ஒனக்காக இல்ல. உள்ள அந்த நாய் மட்டுந்தான் இருந்துச்சு. அம்மா இல்ல."

மழை பிடித்துக்கொண்டது. அவள் திரும்பிப் பார்க்காமல் தேயிலை மலைக்கு நடுவே இறங்கினாள். நான் பத்தடி விட்டு அவள் பின்னால் போனேன்.