மூன்றாவது யானை

கஜா பெராங் என்ற ஊர்ப்பெயருக்கு மலாய் மொழியில் கோபங்கொண்ட யானை என்று பொருள். அந்த யானைக்கு என்ன கோபம் என்பதற்கு ஊரில் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். தகரக் கொட்டகை ஆப்பரேட்டர் சேதுராமன் சொன்ன காரணம்தான் பொருத்தமானது: எவனோ அதன் வாலைத் தப்பான இடத்தில் வரைந்துவிட்டான். அந்த 'எவனோ' சேதுராமன்தான்.

கொட்டகையில் சனிக்கிழமை மத்தியானம் தமிழ்ப் படம். மெஷின் ஒன்றே ஒன்று. ஒரு ரீல் முடிந்து அடுத்ததை மாட்டும்வரை திரை சும்மா கிடக்கும். ஜனங்கள் நாற்காலியைத் தட்டுவார்கள். அந்தச் சத்தத்தை அடக்கத்தான் முதலாளி அப்துல் கய்யூம் எழுத்துப் புதிர் போடச் சொன்னார். கண்ணாடித் துண்டில் சேதுராமன் ஒரு சொல்லை எழுதுவான். ஆனால் ஒவ்வொரு மெய்யையும் அகரவரிசையில் சில இடம் தள்ளி எழுதுவான். எத்தனை இடம் என்பதை அடியில் நிற்கும் யானைகள் சொல்லும். ஒரு யானை நின்றால் ஓரெழுத்து பின்னால் போக வேண்டும். 'யளை' என்று திரையில் விழுந்தால், ய-வுக்கு முன்னால் ம, ள-வுக்கு முன்னால் ழ, மழை. உயிரெழுத்தும் காலும் கொம்பும் அசையாது. விடையை டிக்கெட்டின் முதுகில் எழுதிப் பால் டின்னில் போட வேண்டும். சரியாக எழுதியவர்களில் முதலாளியின் கையில் அகப்படுகிறவருக்கு அடுத்த சனிக்கிழமை ஓசிப் படம்.

ஊர் இதில் தேறிய வேகத்தைச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். மார்க்கெட்டில் மீன்காரர் இரண்டு யானை தள்ளி விலை கூவினார். சீனக் கிழவிகள் மூன்று யானை தள்ளிப் பேரம் பேசினார்கள். கம்யூனிஸ்டுகளை வெள்ளைக்காரச் சர்க்கார் காட்டில் வேட்டையாடிய அவசரகாலம் அது. காட்டுக்குள் ஒளிந்திருப்பவர்களுக்குத் திரையில் சேதி போகிறதோ என்று ஒரு துப்பறியும் ஆசாமி வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தார். வியர்வை வழிய எழுத்தெண்ணி, சோப்பைக் குறிக்கும் 'சவர்க்காரம்' என்ற சேதியைக் கண்டுபிடித்தார். அந்த வாரம் ஓசி டிக்கெட் அவருக்கே விழுந்தது. பிறகு குடும்பத்தோடு வர ஆரம்பித்தார்.

சேதுராமனுக்கு இதனால் ஒரு தொழில் வியாதி வந்திருந்தது. விளக்குச் சூட்டில் மை உரியாமலிருக்க, எழுதிய பக்கம் திரையைப் பார்த்து நிற்க வேண்டும். ஆகவே எழுத்துகளை இடம் வலம் மாற்றித்தான் எழுதுவான். அதையும் தலைகீழாகச் செருகினால்தான் திரையில் நிமிர்ந்து நிற்கும். இப்படியே செய்து செய்து, முடிவெட்டும் கடைக் கண்ணாடியில் தெரிகிற எழுத்துதான் அவனுக்கு நேரான எழுத்து என்று ஆகிவிட்டது. சாதாரணப் பெயர்ப்பலகையை வாசிக்கக் கொஞ்சம் யோசிப்பான்.

கூண்டின் சின்ன ஓட்டை வழியாகப் பார்த்தால் பெண்கள் பக்கம் தலைகள் மட்டும் தெரியும். அதில் ஒன்று கமலவேணி. பக்கத்து ஊரான செங்-கில் ரப்பர் கிடங்குக் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக, இருந்த கலியாணசுந்தரத்தின் மகள். புதிர் விழுந்ததும் மற்ற தலைகள் ஒன்றோடொன்று கூடிக் குசுகுசுக்கும். அவள் தலை அசையாது. அப்புறம் லேசாகக் குனியும். அவ்வளவுதான், விடை முடிந்தது.

மழை என்று அவன் போட்ட வாரம், அவள் டிக்கெட்டின் முதுகில் மழை என்று எழுதி, அடியில் ஒரு யானையும் வரைந்து, 'ஙுணை' என்று எழுதியிருந்தாள். ஓரெழுத்து பின்னால் போனால் குடை. யானைக்கு வால் நடுமுதுகில் முளைத்திருந்தது, அச்சாக அவன் போடுவது போலவே. கேலியா மரியாதையா என்று தெரியவில்லை. இரண்டுமாக இருக்கட்டும் என்று சட்டைப் பையில் வைத்துக்கொண்டான். அடுத்த வாரம் அவன் 'பசி' என்றான். அவள் 'தோசை' என்றாள். அவன் 'கடல்' என்றான். அவள் 'பயம்' என்றாள். கொட்டகை நிறைய ஜனம் நடுவில் உட்கார்ந்திருக்க இருவரும் பேசிக்கொண்டார்கள். வாய் திறந்து ஒரு சொல் பேசியதில்லை. வாரத்துக்கு ஒரு சொல்தான். அதை அடுத்த சனிக்கிழமை வரை வாயில் போட்டு அதக்கிக்கொண்டிருப்பான்; பலகாரக் கடையில் என்ன வேண்டும் என்று கேட்டால் 'பயம்' என்பான்.

சுதந்திரத்துக்குச் சில வாரங்கள் இருக்கையில் பீவி கூண்டுக்கு ஏறி வந்தாள். கொட்டகையில் கச்சான் என்கிற வேர்க்கடலை விற்பதும், பெண்கள் பக்கம் டின்னை ஏந்திப் போவதும் அவள் வேலை.

"தம்பி, விஷயம் தெரியுமா? அந்தக் கிராணி ஐயா குடும்பத்தோட இந்தியாவுக்குப் போறாராம். வெள்ளக்காரன் போயிட்டா நம்மள யாரு பாத்துக்குவான்னு பயம். இந்தச் சனிக்கெழமப் படந்தான் கடைசி. ஞாயித்துக்கெழம காலையில தம்பின் டவுனுக்குப் பஸ்ஸு. அங்கேருந்து ரயிலு, அப்புறம் கப்பலு."

"எந்தக் கிராணி, அக்கா?"

"எந்தக் கிராணியா? அலாமா! ஒம் மூஞ்சியிலயே எழுதியிருக்கு, படிக்க யானகூட வேணாம்."

சேதுராமன் ரீலைத் துடைத்தான். துடைத்த ரீலையே மறுபடியும் துடைத்தான்.

"பொண்ணு என்னா சொல்லுது?"

"அதான் பேசவே மாட்டேங்குதே. புக்கிட் காதில் ஊர்ல தாய்மாமன் இருக்காரு. புள்ள என் வீட்ல இருக்கட்டும்னு அவரு சொல்லியாச்சு. அவளா வாயத் தொறந்து இருக்கேன்னு சொன்னா விட்டுட்டுப் போறேன்னு அப்பாவும் சொல்லியாச்சு. எதுக்கு இருக்கணும்னு யாராச்சும் சொன்னாத்தானே அவ சொல்லுவா?"

நேரில் போய்ச் சொல்ல வேண்டியதுதானே என்று கேட்பீர்கள். கேட்கலாம். ஊருக்கே தெரியும்படி ஆளுயர எழுத்தில் சொல்லத் துணிந்தவனுக்கு, ஒருத்தியின் முகத்தைப் பார்த்து மெல்லச் சொல்லத் துணிவில்லை. வெள்ளிக்கிழமை பகல் முழுக்க உட்கார்ந்து மூன்றே எழுத்து எழுதினான். 'போகாதே'. இரண்டு இடம் தள்ளி, 'யோசாபே'. அடியில் நடுமுதுகில் வால் முளைத்த இரண்டு யானைகள். மை காயட்டும் என்று மேசையில் வைத்துவிட்டு முகம் கழுவப் போனான்.

அந்த நேரம் பார்த்து முதலாளி கூண்டுக்கு வந்தார். மெர்டேக்கா என்கிற சுதந்திரம் வரப்போகிற சந்தோஷத்தில் அவர் அந்த மாதம் கையில் கிடைத்ததையெல்லாம் அலங்கரித்துக்கொண்டிருந்தார். டிக்கெட் ஜன்னலுக்குத் தோரணம், கழிப்பறைக்குக்கூடக் கொடி. மேசையில் கண்ணாடியைக் கண்டார். பக்கத்தில் தூரிகையும் இருந்தது. புது நாடு பிறக்கிறது, இன்னொரு யானையும் நிற்கட்டுமே என்று மூன்றாவதாக ஒன்றை வரைந்தார். நல்ல யானை. வால் இருக்க வேண்டிய இடத்தில் இருந்தது.

சனிக்கிழமை முதல் ரீல் முடிந்தது. இருட்டில் அந்தக் கண்ணாடி ஸ்லைடைப் பார்க்காமலே தலைகீழாகச் செருகிவிட்டு, சேதுராமன் ஓட்டை வழியாகப் பார்த்தான். திரையில் மூன்று யானைகள். பதறிப்போய் அடியில் நிற்கும் யானையை மறைக்கக் கண்ணாடியின் அடியில் விரலை வைத்தான். ஸ்லைடுதான் தலைகீழ் ஆயிற்றே. திரையின் மேல் பக்கம் வாழைத்தாறு கனத்தில் ஒரு விரல் வந்து எழுத்துகளை அமுக்கியது.

"வெரலையும் கணக்குல சேக்கணுமா?" என்று முன்வரிசையில் ஒருவர் கத்தினார்.

விரலை எடுத்தான். ஜனங்கள் எண்ணினார்கள். கஜா பெராங்கில் யானையைச் சந்தேகிக்க யாருக்கும் மனம் வராது; மூன்று என்றால் மூன்று இடம் பின்னால் போனார்கள்.

"நோனாணே!"

"அப்படின்னா என்னாய்யா?"

"எந்தச் சீன பாபா வீட்டு நோனாப் பொண்ணையோ கூப்பிடுறான் போல!"

"கூண்டுல இருந்துக்கிட்டு இவனுக்கு நோனா கேக்குதா? எறங்கி வாடா!"

நாற்காலிகள் தட்டப்பட்டன, பிறகு எறியப்பட்டன. கச்சான் தட்டு கவிழ்ந்தது. பால் டின் உருண்டது. துப்பறியும் ஆசாமி மட்டும் இதில்தான் உண்மையான சேதி இருக்கிறது என்று பென்சிலைக் கடித்துக்கொண்டிருந்தார். சேதுராமன் ஓட்டையில் கண்ணை வைத்தபடி நின்றான். அந்த ஒரு தலை அசையவில்லை. குனியவும் இல்லை. கலியாணசுந்தரம் ஆண்கள் பக்கமிருந்து வந்து மகளை எழுப்பிக் கூட்டிக்கொண்டு போனார். கதவருகில் போனதும் அவள் திரையை ஒருமுறை திரும்பிப் பார்த்தாள்.

தரையில் சிதறிக் கிடந்த டிக்கெட்டுகளை அவன் பொறுக்கிப் பார்த்தான். அவள் எழுதியது இல்லை.

"பென்சில எடுத்தாப்பா," என்றாள் பீவி. "எழுதத் தெரியாத புள்ளயாட்டம் அப்படியே கையில வச்சிருந்தா."

முதலாளிக்கு விஷயம் புரிந்ததும் முகம் செத்துவிட்டது. "நான் ஒரு சந்தோஷத்துல போட்டேன்டா தம்பி," என்றார். சேதுராமனால் அவரைத் திட்ட முடியவில்லை. அது உண்மையிலேயே அழகான யானை.

ஞாயிற்றுக்கிழமை காலை நல்ல மழை. வாய் திறந்து சொல்லிவிடுவது என்று அவன் வழியெல்லாம் சொல்லிப் பழகிக்கொண்டே பஸ் நிற்கும் இடத்துக்குப் போனான். போகாதே, போகாதே. எதிரில் வந்த குடைக்காரர் இரண்டு பேர் தங்களைச் சொல்வதாக நினைத்து நின்றுவிட்டார்கள். அவன் போய்ச் சேர்ந்தபோது பஸ் நகர்ந்துவிட்டது. பின்னாலேயே ஓடினான்.

பஸ்ஸின் பின்கண்ணாடியில் உள்பக்கம் ஆவி படர்ந்திருந்தது. கடைசி இருக்கையில் கமலவேணி திரும்பி உட்கார்ந்து, கண்ணாடியில் விரலால் எழுதிக்கொண்டிருந்தாள். வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு அது எழுத்து மாதிரியே இருக்காது. சேதுராமனுக்கு அது தன் கையெழுத்தைப் போல நேராக நின்றது. 'யோசாபே'. அடியில் மூன்று யானைகள், திரையில் பார்த்தது பார்த்தபடி. அவள் இன்னும் புதிரைப் போட்டுக்கொண்டுதான் இருந்தாள்.

முதல் யானையின் வாலைப் பார்த்தாள். இரண்டாவதன் வாலைப் பார்த்தாள். மூன்றாவதற்கு வந்ததும் விரல் நின்றது. அந்த வால் சரியான இடத்தில் இருந்தது. அவளுக்குத் தெரிந்த கை அதுவல்ல. உள்ளங்கையால் மூன்றாவது யானையைத் துடைத்தாள். துடைத்த இடத்தின் வழியே சாலை தெரிந்தது. சாலையில் நனைந்துகொண்டு ஓடிவருகிற ஆள் தெரிந்தான்.

நிறுத்துங்கள் என்று அவள் கத்தியிருக்கலாம். அவன் கத்தியிருக்கலாம். இரண்டு பேருக்கும் வாய் பழக்கமில்லை. அவள் யோசாபே-யை அழித்து, வாயால் ஊதி மறுபடி ஆவி படரவிட்டு, அந்த இரண்டு யானைகளின் தலைக்கு மேல் வேகமாக எழுதினாள்: 'ளவுளேங்'.

அதைக் கண்டுபிடித்துக்கொண்டே அவன் செங் வரை ஓடினான். பஸ்ஸை முந்திப் போனான் என்று சொல்பவர்களும் உண்டு. அது மிகை, கூடவேதான் ஓடினான். ள-விலிருந்து வ. வு-விலிருந்து ரு. ளே-யிலிருந்து வே. கடைசி எழுத்துக்கு, ங்-குக்குப் பின்னால் க் வந்து, அதற்கும் பின்னால் வரிசையே முடிந்துபோய், மறுகோடியைச் சுற்றி வந்து ன்-னைப் பிடிக்க வேண்டியிருந்தது. பிடித்தபோது பஸ் வளைவில் மறைந்திருந்தது. 'வருவேன்' என்று அவன் நடுச்சாலையில் நின்று உரக்கச் சொன்னான். அவன் வாய் திறந்து அவளோடு பேசிய முதல் சொல் அது. அதுவும் அவளுடைய சொல்.

சுதந்திரம் வந்தது. கொட்டகைக்கு உள்ளேயும் வெளியேயும் முதலாளி கொடி கட்டினார். கண்ணாடியை மட்டும் அப்புறம் அவர் தொட்டதில்லை.

அடுத்த சனிக்கிழமை திரையில் 'எய்யோபு' என்று விழுந்தது. அடியில் இரண்டு யானைகள், இரண்டுக்கும் நடுமுதுகில் வால். அதற்கடுத்த சனிக்கிழமையும் அதே ஸ்லைடு. அதற்கடுத்ததும். கிளேபாங் கடற்கரையில் வலை இழுத்தவர்கள், மழைமேகம் தாழ்ந்து வந்த ஒரு நாள் மேகத்தின் வயிற்றில் இரண்டு யானைகளும் அந்த எழுத்துகளும் மேற்கே நகர்ந்து போனதைப் பார்த்ததாகச் சொல்கிறார்கள். கொட்டகைக் கூரையில் தகரம் ஒன்று பிடுங்கப்பட்டிருந்தது உண்மை.

'எப்போது' என்பதைக் கஜா பெராங் ஜனங்கள் கண் இமைக்கும் நேரத்தில் கண்டுபிடித்தார்கள். கண்டுபிடித்துவிட்டு, பென்சிலைச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு, பேசாமல் திரையைப் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். துப்பறியும் ஆசாமியும் அப்படித்தான். நாற்காலியை யாரும் தட்டவில்லை.

பீவி பெண்கள் பக்கம் டின்னை ஏந்திப் போய்த் திரும்பி வருவாள். படி ஏறி வந்து அவன் கையில் கொடுப்பாள். காலி என்று தூக்கும்போதே தெரியும். ஆனாலும் சேதுராமன் ஒவ்வொரு வாரமும் அதைக் கவிழ்த்துத் தட்டிப் பார்ப்பான். அப்புறம் விளக்கைத் துடைத்து, அதே கண்ணாடியைத் தலைகீழாகச் செருகி வைப்பான்.