நம் நாட்டவர் யாரும் இல்லை

மதியச் செய்தி தொடங்குவதற்குக் கொஞ்சம் முன்னால் உலகம் வழக்கம்போலத் தலைகீழாகத்தான் கிடந்தது. எங்கோ ஓர் ஆறு கரையை உடைத்து ஒரு நகரத்தின் பாதியை விழுங்கியிருந்தது. இன்னோர் இடத்தில் புதுக் காய்ச்சல் ஒன்று பரவ, அதற்கு என்ன பெயர் வைப்பது என்று நிபுணர்கள் கூடி உட்கார்ந்திருந்தார்கள். உள்நாட்டில், காலையில் பதவி விலகிய அமைச்சர் சாப்பாட்டு நேரத்துக்குள் விலகலிலிருந்தும் விலகிவிட்டார். இவை அத்தனையையும் தொலைக்காட்சித் திரையின் அடியில் ஓடும் விரலகலப் பட்டைக்குள் அடக்குவது அவள் வேலை. அலுவலகத்தில் அவளுக்குப் பட்டப்பெயர் 'ஓடும் அக்கா'. காலையில் உட்கார்ந்தால் சாயங்காலம் வரை நாற்காலியை விட்டு அசையாதவளுக்கு அப்படியொரு பெயர்.

செய்தி ஆசிரியரின் பட்டப்பெயர் 'பிரகடனம்'. டீயில் சர்க்கரை குறைவு என்பதைக்கூட நாட்டு மக்களுக்கு அறிவிப்பது போலத்தான் சொல்வார். வெளிநாட்டில் எந்த விபத்து நடந்தாலும் செய்தியின் வாலில் 'பாதிக்கப்பட்டவர்களில் நம் நாட்டவர் யாரும் இல்லை' என்று ஒட்டிவிட வேண்டும் என்பது அவர் கண்டுபிடிப்பு. விசாரித்துவிட்டு ஒட்டுவதல்ல, ஒட்டிவிட்டு, நேரம் கிடைத்தால் விசாரிப்பது. இல்லாவிட்டால் பிள்ளைகளை வெளிநாட்டுக்கு அனுப்பியவர்களெல்லாம் தொலைபேசியில் பிடித்துக்கொண்டு வேலை செய்ய விடமாட்டார்கள். அந்த வரி பெரும்பாலும் உண்மையாகவே இருந்து தொலைத்ததால் யாரும் அதைக் கேள்வி கேட்டதில்லை. நாளடைவில் அவள் விரல்கள் அவளைக் கேட்காமலே அதை அடிக்கப் பழகிவிட்டன.

இன்றும் அப்படித்தான். போர் நடக்கும் ஒரு வெளிநாட்டின் எல்லை நகரத்தில் குண்டு விழுந்தது என்று செய்தி வந்தது. அடித்தாள், வாலை ஒட்டினாள், பட்டையில் ஏற்றினாள், காய்ச்சல் செய்திக்குப் போய்விட்டாள். அவள் தம்பி அந்த நகரத்தில்தான் நர்ஸாக இருக்கிறான். ஆனால் அங்கே குண்டு விழாத நாள் ஏது? கேட்டால், "அது அந்தப் பக்கம்க்கா, நான் இந்தப் பக்கம்" என்று சிரிப்பான். அடுத்த வரி வந்தபோதுதான் அவள் கை நின்றது. விழுந்தது பொது மருத்துவமனையில். அவசரப் பிரிவு இடிந்திருக்கிறது. தம்பி வேலை பார்க்கும் பிரிவு.

அழைத்தாள். தொடர்பு கொள்ள இயலவில்லை என்று ஒரு பெண் குரல் மிகவும் மரியாதையாக வருத்தப்பட்டது. மறுபடி அழைத்தாள். அதே மரியாதை. மூன்றாவது தடவை போடுவதற்குள் வீட்டிலிருந்து அப்பா.

"ஏம்மா, உங்க டிவியப் பாத்தியா?"

"அங்கதான்பா வேலை பாக்குறேன்."

"அதுல ஓடுற எதையும் நான் நம்புனதில்ல, உனக்கே தெரியும். மழை வரும்னு நீங்க சொன்னா மாடியில துணி காயப் போடுறவன் நான். ஆனா இன்னிக்கு வயித்துல பால வாத்தீங்க. பக்கத்து வீட்டுக்காரன் ஆஸ்பத்திரியிலயே விழுந்துருச்சாமேன்னு மூச்சு வாங்க ஓடி வர்றான். நம்ம ஆளுங்க யாரும் இல்லைன்னு எம்பொண்ணு சேனல்லயே போட்டாச்சு, போய் வேலையப் பாருய்யான்னு விரட்டிட்டேன்." கொஞ்சம் நிறுத்தினார். "நீ எழுதினதுதானே அது?"

"ஆமாப்பா."

"அப்ப சரி. சாப்டியா?"

சாப்பிட்டேன் என்றாள். இந்தப் பொய் சுலபமாக வந்தது.

கண்ணாடி அறைக்குள் பிரகடனம் நின்றபடியே அமைச்சரின் வரலாற்றுத் திருப்பத்தைச் செதுக்கிக்கொண்டிருந்தார்.

"சார், குண்டுவீச்சுச் செய்தியில அந்தக் கடைசி வரிய எடுத்துடலாம்."

"ஏன்? மறுப்பு வந்திருக்கிறதா?"

"உறுதியும் வரலையே சார்."

"அம்மா, எடுத்தால் என்ன அர்த்தமாகும்? நம்மவர்கள் சிக்கியிருக்கிறார்கள் என்றாகும். பீதி!"

"தெரியலைன்னுதான் சார் அர்த்தம்."

"தெரியவில்லை என்று ஒரு செய்தி நிறுவனம் சொல்லலாமா?"

அவர் உண்மையிலேயே அதிர்ந்துபோயிருந்தார். அவள் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். "அங்க என் தம்பி இருக்கான் சார். அதே பிரிவுல."

பிரகடனம் உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றினார். ஒரு கணம் அவர் வெறும் மனிதராக, வீட்டில் யாருக்கோ மாமாவாகத் தெரிந்தார். வார்த்தை தேடிக்கொண்டிருந்தது நன்றாகவே தெரிந்தது. தேடியதும் கிடைத்தது.

"தம்பியின் படம் இருக்கிறதா? திரைக்கு ஏற்ற அளவில்? தகவல் உறுதியானதும் நாம்தான் முதலில் கொடுக்க வேண்டும். அதுவரை வரி இருக்கட்டும்."

அவள் வெளியே வந்தாள். நாற்காலியில் உட்கார்ந்து அந்த வரியைக் கணினியில் திறந்தாள். வரியை எடுத்தால் வேலை போகும். அது போனால் போகட்டும். ஆனால் திரையில் பட்டை ஓட ஓட வீட்டில் அப்பா நிம்மதியாக உட்கார்ந்திருக்கிறார். எடுத்த நொடியில் அந்த நிம்மதி அறுந்துவிடும். எடுக்காவிட்டால், பிறகு ஏதாவது வந்தால், இன்று மத்தியானம் அவரிடம் பொய் சொன்னது யார் என்று அவர் கேட்க மாட்டார். கேட்க மாட்டார் என்பதுதான் அவளால் தாங்க முடியாததாக இருந்தது.

வரியைத் தேர்ந்தெடுத்து அழித்தாள். உடனே வீட்டுக்கு அழைத்தாள்.

"அப்பா, டிவி முன்னாடியா இருக்கீங்க?"

"வேற எங்க போவேன்? உன் எழுத்ததான் பாத்துட்டு உக்காந்திருக்கேன்."

"கொஞ்சம் சத்தத்தக் குறைங்க. நான் சொல்றதக் கேளுங்க."

அவள் தலைக்கு மேலே இருந்த திரையில் குண்டுவீச்சு வந்தது; அதன் பின்னால் எதுவும் இல்லாமல் நேராக வெள்ளம் வந்தது. இங்கே மாற்றியது வீட்டுத் திரைகளுக்குப் போய்ச் சேர ஒரு சுற்று பிந்தும்; அங்கே இன்னும் பழைய வரிதான் ஓடும்.

"இரும்மா, இரு," என்றார் அப்பா. "இதோ மறுபடி வருது. பாதிக்கப்பட்டவர்களில்..." ஒவ்வொரு சொல்லாக, ருசித்து, அவளுக்குப் படித்துக் காட்ட ஆரம்பித்தார்.