உப்பின்மேல் நிற்கும் பென்குயின்

பாதங்களின் மேல் முட்டை இருக்கிறது, உருண்டுவிடும், இதோ உருண்டு அந்த வெள்ளைத் தரையில் விழுந்துவிடும், அப்பா பென்குயின் குனிந்து பார்க்கவும் பயந்து நிற்கிறது, அம்மா என் விரலைப் பிடித்துப் படத்திலிருக்கும் அந்தப் பாதங்களின் மேல் வைக்கிறாள், பாருல, அம்மாக்காரி மீன் தேடிக் கடலுக்குப் போயிருக்கா, அவ வர்ற வரைக்கும் அப்பாதான் காவல், கீழ விழுந்துட்டா என்னம்மா ஆவும், விழாதுல, அப்பா விட மாட்டாரு, அம்மாவின் வயிற்றின் மேல்தான் புத்தகம் விரிந்திருக்கிறது, உள்ளே தங்கச்சி உதைக்கும்போதெல்லாம் பக்கம் லேசாக அசைகிறது, பென்குயினே தடுமாறுவதுபோல் எனக்குத் திக்கென்கிறது. அது பனி என்று எனக்குத் தெரியாது, பனியை நான் எங்கே கண்டேன், தூத்துக்குடியில் எங்கள் வாசலில் நின்றால் கண்ணுக்கு எட்டிய வரை உப்பளம், அம்பாரம் அம்பாரமாக வெள்ளை, ஆகவே பென்குயின்களும் உப்பின்மேல்தான் நின்றன, உப்பில் நிற்கும் கால் என்ன ஆகும் என்று உப்பு வாரும் அப்பாவின் பாதங்களைப் பார்த்தே தெரிந்துகொண்டவன் நான், பாளம் பாளமாக வெடித்து ரத்தம் கசியும், உப்பில் கிடக்கும் மீன் என்ன ஆகும் என்பதும் தெரியும், சுருங்கிக் கண் வெளுத்துக் கருவாடாகும், முட்டைக்குள் இருக்கிற குஞ்சுக்கும் அதே கதிதான் என்று நினைத்து நினைத்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

மிச்சத்த வந்து படிக்கேம்ல, என்று சொல்லிவிட்டுத்தான் பிரசவ வலியோடு உப்பு லாரியின் முன் சீட்டில் ஏறிப் போனாள் அம்மா, திரும்பி வந்தது அம்மா இல்லை, வெள்ளைத் துணி சுற்றிய ஏதோ ஒன்று, அதன் பின்னால் அப்பா, அவர் கையில் அம்மாவின் பழைய சேலைக்குள் பூனைக்குட்டி அளவுக்குத் தங்கச்சி. கல்லறைக்குப் போய்வந்த எல்லோரும் கலைந்த பிறகு, அப்பா அந்தப் புத்தகத்தை எடுத்துக் கடைசி வரை ஒருமுறை புரட்டினார், பிறகு தட்டில் கிடந்த சோற்றுப் பருக்கையை நசுக்கித் தடவி, கடைசி இரண்டு பக்கங்களையும் சேர்த்து ஒட்டினார், இதப் பாக்க வேண்டாம்யா, என்றார், அவ்வளவுதான், ஆனால் அதற்குள் என்ன இருக்கிறது என்று எனக்கா தெரியாது, முட்டை விழுந்துவிட்டது, குஞ்சு உப்பில் கிடக்கிறது, அதைத்தான் ஒளிக்கிறார். அப்பா காலை நீட்டி உட்கார்ந்து தங்கச்சியைக் கால்களின் மேல் போட்டுக் குளிப்பாட்டுவார், பொம்பளைகள் செய்கிற வேலை, அவருக்குப் பழக்கமில்லை, நான் கதவுக்குப் பின்னால் நின்று கண்களை இறுக்கி மூடிக்கொள்வேன், மூடினாலும் தெரிகிறது, உப்பு மேட்டின் உச்சியில் அப்பா நிற்கிறார், பாதங்களின் மேல் தங்கச்சி, பாதம் வெடிக்கிறது, வழுக்குகிறது, அப்பா, அப்பா, என்று கத்துகிறேன், சத்தம் வரவில்லை.

சத்தம் போடாதீங்க சார், பிள்ளை முழிச்சிரும், என்கிறார் சிஸ்டர், நான் கத்திவிட்டேனா, கண் அசந்திருக்கிறேன் போல, ஆஸ்பத்திரி நாற்காலி, சட்டையைக் கழற்றச் சொல்லி என் வெறும் நெஞ்சின் மேல் மகளைக் கவிழ்த்து வைத்திருக்கிறார்கள், குறைமாசம், ஒடம்புச் சூடுதான் இவளுக்கு மருந்து, ஆடாம அசையாம இருக்கணும், என்று சொல்லியிருக்கிறார்கள், என் மனைவி அமலி காலையிலிருந்து எதிரே மூடியிருக்கும் கதவுக்குப் பின்னால் நினைவில்லாமல் கிடக்கிறாள், ரத்தம் நிற்கவில்லை என்றார்கள், அப்புறம் ஒன்றுமே சொல்லவில்லை, எனக்குப் பயமாக இருக்கிறது, கீழே தரை முழுக்க வெள்ளை ஓடு, உப்பேதான். பக்கத்தில் தங்கச்சி ஜெசிந்தா, அன்று அப்பாவின் கால்களில் கிடந்தவள், அப்பா செத்தபின் அவர் பெட்டியில் கிடைத்ததாம், பிறந்திருக்கும் மருமகளுக்கென்று அந்தப் பென்குயின் புத்தகத்தைக் கொண்டுவந்திருக்கிறாள், சோற்றுப் பசை காய்ந்து வெடித்திருக்கிறது, அவள் நகத்தால் நெம்புகிறாள், வேண்டாம் ஜெசி, பிரிக்காத, இன்னைக்கு வேண்டாம், என்கிறேன், குழந்தையைப் பிடித்திருக்கும் கைகளால் அவளைத் தடுக்க முடியவில்லை, பக்கம் பிரிந்துவிட்டது, நான் கண்ணை மூடிக்கொள்கிறேன். அண்ணே, இதையா ஒட்டிவச்சாரு, புத்தகத்தை என் முகத்தருகே நீட்டுகிறாள், பாருண்ணே, அம்மா திரும்பி வந்துட்டா.

பார்த்தேன், முட்டை விழவில்லை, குஞ்சு பொரிந்து தலையை நீட்டுகிறது, கடலிலிருந்து ஏறி அம்மா பென்குயின் வயிறு நிறைய மீனோடு வந்துகொண்டிருக்கிறது, அப்பா பென்குயின் இன்னும் அசையாமல் நிற்கிறது, இதை நான் பார்த்தால் என் அம்மாவும் வருவாள் என்று வாசலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன் என்று பயந்திருக்கிறார் என் அப்பா, அல்லது அவராலேயே பார்க்க முடியவில்லையோ என்னவோ. அந்தக் கதவு திறக்கிறது, அமலியோட ஆளு யாரு, கண்ணு முழிச்சிட்டாங்க, பிள்ளையக் கேக்காங்க, நான்தான், நான்தான், என்கிறேன், எழ முடியவில்லை, ஜெசிந்தா தோளைப் பிடித்து எழுப்புகிறாள், குழந்தையை நெஞ்சோடு அணைத்து, கால் விரல்களைத் தரையில் ஊன்றி, வழுக்கும் அந்த வெள்ளையின்மேல் தத்தித் தத்தி நடக்கிறேன், விழக் கூடாது, விட்டுவிடக் கூடாது, இன்னும் கொஞ்ச தூரம்தான்.