கால்வட்டம் திருப்பிய மேசை

மார்ச் 14, சனிக்கிழமை. இன்று பயிற்சியில் ஒரு சிறு தவறு செய்தேன்.

எழுதிவிட்டு அந்த ‘சிறு’வையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அதை அடித்தாள். ‘ஒரு’வும் சரியில்லை என்று தோன்றியது. செய்தது இரண்டு தவறு. இரண்டாவது தவறைத்தான் அவள் மிகச் சரியாகச் செய்திருந்தாள்.

பகலில் மூக்குக்கண்ணாடிக் கடையில் சட்டத்துக்குள் கண்ணாடியைப் பொருத்துவது அவள் வேலை. இடது வலது மாறிவிட்டால் வாடிக்கையாளர் படியில் தடுமாறி விழுவார் என்பதால், ஒவ்வொன்றையும் சரிபார்த்துவிட்டு மறுபடியும் சரிபார்ப்பாள். மாலையில் சதுரங்க நடுவர் பயிற்சி வகுப்பு. ஆடத் தெரிந்தவர்கள் ஆடப் போனார்கள். ஆட்டத்தில் எல்லோரிடமும் தோற்றவள், விதிகளையாவது ஜெயிப்போம் என்று நடுவராகக் கிளம்பியிருந்தாள்.

“நடுவரம்மா கிளம்பிட்டாங்க. ரெண்டு பேர் பேசாம உக்காந்திருப்பாங்க. அவங்க பேசாம இருக்காங்களான்னு இவ பேசாம நின்னு பாப்பா” என்று அண்ணன் காலையில்கூடக் கிண்டல் செய்தான்.

“சம்பளம் வேற கிடையாது. அதையும் சேத்துச் சொல்லு” என்றாள் அவள். தன்னைக் கிண்டல் செய்வதில் அண்ணனுக்கு அவள் என்றுமே முதலிடத்தை விட்டுக்கொடுத்ததில்லை.

எழுத்துத் தேர்வில் தேறிவிட்டாள். ஒரே ஒரு ஆட்டத்தைத் தனியாக, குற்றம் குறை இல்லாமல் நடத்திக் காட்டினால் தலைமை நடுவர் சான்றிதழில் கையெழுத்துப் போடுவார். அந்த ஒரே ஆட்டமாக இன்று அவளுக்கு வாய்த்தது டாக்டரம்மாவுக்கும் தபால்காரருக்கும் நடந்த ஆட்டம். கடைசி வகுப்பில் அதைக் கேட்டவுடன் விதிப் புத்தகத்தை முதலிலிருந்து மறுபடி படித்தாள்.

டாக்டரம்மா பல் மருத்துவர். காலையெல்லாம் பல் பிடுங்கிவிட்டு மாலையில் சதுரங்கப் பட்டங்களை வாங்கியவர். பல்லை எடுக்குமுன் மரத்துப்போக ஊசி போடுவார், காயை எடுக்குமுன் போடமாட்டார் என்று அவரிடம் தோற்றவர்கள் சொல்வார்கள். தபால்காரர் கடிதங்களைப் பிரித்து அடுக்கிக்கொண்டே மனசுக்குள் ஆடிப் பழகியவர். எத்தனையோ போட்டிகளில் இரண்டாம் இடம். முதலிடம் பெரும்பாலும் டாக்டரம்மாவுக்குத்தான். ஆனால் நேருக்கு நேர் மோதிய ஆட்டங்களைக் கூட்டிப் பார்த்தால் இருவரும் சரிசமம். டாக்டரம்மா அடுத்த வாரம் ஊரை விட்டு மகளோடு இருக்கப் போகிறார். அதன்பிறகு போட்டி ஆட்டம் கிடையாது. ஆகவே சரிசமத்தை உடைக்கும் ஆட்டம் இதுதான்.

சிறிய அறையில் இந்த ஆட்டம் மட்டும். தலைமை நடுவர் பெரிய கூடத்தில் மற்ற ஆட்டங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் எல்லோருக்கும் முன்னால் வந்துவிட்டாள். கட்டங்கள் மேசையின் மேல்பலகையிலேயே பதிக்கப்பட்ட பழைய சதுர மேசை. வெள்ளைக் காய் ஆடுபவரின் வலது கை மூலையில் வெள்ளைக் கட்டம் இருக்க வேண்டும். இருந்தது. தன் குறிப்புத் தாளில் அதற்கு எதிரே சரி என்று குறித்தாள்.

அப்புறம் மேசையைத் தொட்டுப் பார்த்தாள். ஆடியது. காகிதம் மடித்து வைக்கலாமா என்று யோசித்தாள். ஆடும் மேசையைக் கொஞ்சம் திருப்பினால் நான்கு காலும் தரையில் பதிந்துவிடும் என்று எங்கோ கேட்டது நினைவுக்கு வந்தது. ஒரு பக்கம் இருந்த இடத்துக்கு அடுத்த பக்கம் வரும்படி கால்வட்டம் திருப்பினாள். மேசை பாறை மாதிரி நின்றது. தன் முதுகில் தானே தட்டிக்கொள்ளக் கை எட்டவில்லை என்பதுதான் அப்போது அவளுக்கிருந்த ஒரே குறை.

மேசையோடு கட்டங்களும் திரும்பிவிட்டன என்பது மண்டையில் ஏறவில்லை. அதற்குத்தான் ஏற்கெனவே சரி போட்டாகிவிட்டதே. அடுத்த வரிக்குப் போனாள்: வெள்ளை ராணி வெள்ளைக் கட்டத்தில், கறுப்பு ராணி கறுப்புக் கட்டத்தில். கண்ணும் கருத்துமாக வைத்தாள்.

இருவரும் வந்து உட்கார்ந்தார்கள். டாக்டரம்மாவுக்கு வெள்ளை. அவர் பலகையைப் பார்த்தார், தபால்காரரைப் பார்த்தார். தபால்காரர் கூரையைப் பார்த்தார். கை குலுக்கிக்கொண்டார்கள். கடிகாரத்தை அவள் ஓடவிட்டாள்.

ஆட்டம் சூடுபிடித்தபோது டாக்டரம்மா கோட்டை கட்டினார். ராஜாவை இரண்டு கட்டம் ஓரமாகத் தள்ளி, அந்த ஓரத்து யானையைத் தூக்கி ராஜாவுக்கு மறுபக்கம் வைத்தார். யானை கிட்டத்தில் இருக்கும் குட்டைப் பக்கமாகத்தான் ராஜா போனது. ஆனால் இடது கைப் பக்கம் போனது. வெள்ளைக்குக் குட்டைப் பக்கம் எப்போதும் வலது கையில்தான்.

தான் நிற்கும் கோணம் தப்பாக இருக்கலாம் என்று மேசையைச் சுற்றி வந்து டாக்டரம்மாவின் முதுகுக்குப் பின்னால் நின்றாள். அங்கிருந்தும் இடதுதான். வலது மூலையைப் பார்த்தாள். கறுப்புக் கட்டம் அவளைப் பார்த்துச் சிரித்தது.

விதிகள் அவளுக்குத் தலைகீழ்ப் பாடம். பலகை மட்டும் திரும்பியிருந்தால், காய்களை அப்படியே சரியான பலகைக்கு மாற்றி ஆட்டத்தைத் தொடரலாம். தொடக்கத்திலேயே காய்கள் இடம் மாறியிருந்தால் ஆட்டம் ரத்து. பழக்க தோஷத்தில் ராணியை ராஜாவுக்கு இடப்பக்கம் வைத்திருந்தால்கூட ஆட்டம் பிழைத்திருக்கும். அவள் தாளைப் பார்த்து, நிறம் பார்த்து, ஒழுங்காக வைத்துத் தொலைத்திருந்தாள்.

சொன்னால் கையெழுத்து போச்சு. சொல்லாவிட்டால் யாருக்குத் தெரியும்? இந்தக் கேள்வி அவள் மனசில் உட்காரக்கூட இல்லை. எதிரெதிரே உட்கார்ந்திருந்த இருவருக்கும் தெரியாமல் இருக்க வழியே இல்லை என்று அப்போதுதான் உறைத்தது. இதற்குள் தபால்காரரின் நிலை மோசமாகியிருந்தது. ஒரு யானை போயிற்று. அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, எதையோ சொல்லப்போகிறவர் மாதிரி அவளை மெல்ல நிமிர்ந்து பார்த்தார்.

அவள் முந்திக்கொண்டாள். கையை நீட்டிக் கடிகாரத்தை நிறுத்தினாள்.

“ஆட்டத்த நிறுத்துறேன். காயெல்லாம் நான் தப்பா அடுக்கிட்டேன். ராஜாவும் ராணியும் எடம் மாறியிருக்கு.”

தபால்காரர் மூச்சை விட்டார்.

“அடடா. நானே சொல்லலாம்னு இப்பதாம்மா வாயத் தொறந்தேன்.”

“இப்பதான் தெரிஞ்சுதாக்கும்” என்றார் டாக்டரம்மா.

“உக்காரும்போதே தெரியும். தோக்கிற மாதிரி இருந்தா சொல்லிக்கலாம்னு பத்திரமா வெச்சிருந்தேன்.”

“வெக்கமா இல்ல உங்களுக்கு?”

“உங்களுக்கு எப்ப தெரிஞ்சுது டாக்டரம்மா?”

டாக்டரம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “நாற்காலிய இழுக்கும்போதே.”

“அப்ப நீங்க எதுக்கு வெச்சிருந்தீங்களாம்?”

“நீங்க எதுக்கு வெச்சிருந்தீங்களோ அதுக்குத்தான். எனக்குத் தேவப்படல, அவ்வளவுதான்.” பிறகு அவள் பக்கம் திரும்பினார். “ஏம்மா, நான் ஜெயிக்கிற நேரம் பாத்துத்தான் உனக்கு ஞானம் வந்துச்சா? நீ இவரு ஆளா?”

“இல்லம்மா. நான் யாரோட ஆளும் இல்ல. எனக்கு நிஜமாவே இப்பதான் தெரிஞ்சுது.”

“அதச் சொல்லிக்காத. அது இன்னும் கேவலம்.”

பேச்சுச் சத்தம் கேட்டுக் கூடத்திலிருந்து தலைமை நடுவர் வந்தார். மேசையை ஒருமுறை பார்த்தார். “எப்படிம்மா?” என்றார்.

“மேசை ஆடுச்சு சார். திருப்பினேன்.”

“பலகைய அப்புறமா பாக்கலியா?”

“அதுக்கு முன்னாடியே சரி போட்டுட்டேன் சார்.”

ஆட்டம் ரத்து, நாளைக் காலை மறு ஆட்டம், அதே நிறங்கள் என்று அவர் அறிவித்தார். அவள் குறிப்புத் தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள். இனி கண்ணாடிக் கடையே கதி என்று முடிவுகட்டி, நாளைக்கு வேறு யாரை நடுவராகப் போடப்போகிறார் என்று கேட்டாள்.

“இதே பொண்ணையே போடுங்க” என்றார் டாக்டரம்மா. “வேற யாரு அடுக்கினாலும் நான் ஒரு தடவ சரிபாக்கணும். இவ இனிமே ஜென்மத்துக்கும் தப்பா அடுக்கமாட்டா.”

“கடிகாரத்த நிறுத்தினது யாரு? நாங்க ரெண்டு பேருமா?” என்றார் தபால்காரர். “எங்க ரெண்டு பேருக்கும் வாய் இருந்துச்சு. மூடிட்டுத்தான இருந்தோம்.”

தலைமை நடுவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். “இன்னிக்கு ஆட்டம் கணக்குல இல்ல. அதனால இன்னிக்குப் பரீட்சையும் கணக்குல இல்ல. கையெழுத்து நாளைக்கு ஆட்டம் முடிஞ்சப்புறம். அதுவும் சரியா முடிஞ்சா.”

வீட்டுக்கு வந்து நாட்குறிப்பில் அந்த ஒரு வரியை எழுதி அடித்துவிட்டு எழுந்தபோது அண்ணன் கேட்டான்: “என்ன, யாரு ஜெயிச்சாங்க?”

“மேசை” என்றாள். அவன் மேற்கொண்டு ஏதாவது கேட்பதற்குள் தட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

சாப்பிட்டுவிட்டு நாட்குறிப்பை மறுபடி எடுத்தாள். அடித்த வரிக்குக் கீழே இப்படி எழுதினாள்:

இன்று இரண்டு தவறு செய்தேன். மேசையைத் திருப்பிவிட்டு மூலையைப் பார்க்கவில்லை. அந்தப் பலகையில் நிறம் பார்த்து ராணிகளை வைத்தேன். ராணி விஷயத்தில் என் மேல் தவறில்லை என்று எழுத ஆசையாக இருக்கிறது. எழுதவில்லை.

நாளை: மேசைக் காலுக்கு அட்டையை மடித்து வைக்க வேண்டும். திருப்பக் கூடாது. காய்களை அடுக்கி முடித்த பிறகு, வெள்ளைப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து வலது மூலையைப் பார்க்க வேண்டும். அதற்கப்புறம்தான் சரி போட வேண்டும்.