தென்னை குடித்த சூப்

வியட்நாம், லாவோஸ், கம்போடியா என்று பத்து வருஷம் அடுப்படியே கதியாகக் கிடந்து சமையல் படித்த பிரெஞ்சுக்காரன் லூக், கோவையில் தேவதாஸ் வீட்டு மாடிக்குக் குடிவந்தான். ஞாயிறுதோறும் சர்ச்சில் பூசை முடிந்ததும் மீன்சாறு ஊற்றிய நூடுல்ஸ் சூப்பைக் கீழே கொண்டுவருவான். தேவதாஸுக்குக் குமட்டும். ஆனாலும் ஒரு வாய் குடித்து, "அருமைங்க!" என்பார். அவன் படியேறியதும் மிச்சத்தைத் தென்னைக்கு ஊற்றிவிடுவார்.

அந்த ஒரு வார்த்தையை நம்பி, வியட்நாமில், ஹனோயில் தான் வைத்திருந்த சாப்பாட்டுக் கடையை விற்று இங்கே ஓட்டல் திறந்தான் லூக். நாலே மாதத்தில் இழுத்து மூடினான்.

ஊருக்குக் கிளம்பும் நாளில், தென்னையடியில் காய்ந்துகிடந்த நூடுல்ஸைப் பார்த்துவிட்டான். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே, அங்கிள்?"

தேவதாஸுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "ஏனுங்க, மொகத்துக்கு நேரா அதை எப்படிங்க சொல்றது? உங்க மனசு நோகாதுங்களா?"