மூன்று நிமிட ஊமைப் படம்

எங்கள் சபையார் கூடி விருந்துண்ணும் அசனப் பண்டிகைக்கு வாலிபர் சங்கம் ஒரு போட்டி வைத்தது. மூன்று நிமிட ஊமைப் படம், கறுப்பு வெள்ளை, விழுந்து புரண்டு சிரிக்கவைக்க வேண்டும். என் வீட்டுக்காரர் சில்வஸ்டருக்கு இது போதாதா? ஃபேக்டரிக்கு லீவு போட்டுவிட்டு, தொளதொள கோட்டும் மையால் வரைந்த மீசையுமாகக் கீழ் கோத்தகிரித் தேயிலைச் சரிவில் இலை மூட்டையோடு நின்றார். மூட்டை அவரைத் துரத்துவதுதான் கதையாம். நாற்பத்தெட்டு வயதில் இந்தக் கூத்து!

"ஏனுங்க, இடுப்பு புடிச்சுக்கிட்டா நான் தைலம் தேய்க்க மாட்டனுங்க."

"நீ பேசாம கையக் காட்டு புள்ள. ஊமைப் படத்துக்கு டைரக்டரும் ஊமைதான்."

அவர் மட்டும் தெரியும்படி போனைக் கம்பில் கட்டிவிட்டுப் பக்கத்தில் நின்றேன். இரண்டு முறை நன்றாக விழுந்தார். மூன்றாவது முறை எழுந்தபோது, அவருக்குப் பின்னால் மேல் பாதையில் ஒரு காட்டெருமை நின்றது.

எங்கள் பக்கத்தில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும், அதைக் கண்டால் கத்தக் கூடாது, ஓடக் கூடாது. உட்காருங்கள் என்று இரண்டு கையாலும் காட்டினேன். அந்த மனுஷன் கண்ணை உருட்டினார். கையால் காற்றைப் பக்கவாட்டில் தள்ளினார். பல்லைக் கடித்துக்கொண்டு மறுபடியும் காட்டினேன். முழங்கால் போட்டு என்னைப் பார்த்துக் கும்பிட்டார். கர்த்தரே, சாகப் போகிற நேரத்திலும் நடிக்கிறாரே! எனக்கு ஆத்திரமும் அழுகையும் ஒன்றாக வந்தன.

எருமை தலையைத் தாழ்த்திக்கொண்டு இரண்டு அடி இறங்கியது.

அவர் என்னிடம் வர எழுந்தார். கோட்டு நுனியை மிதித்து, மூட்டையோடு உருண்டு வாய்க்காலுக்குள் விழுந்தார். அந்த நொடியில் என் பின்னாலிருந்து ஏதோ இடுப்பை உரசிக்கொண்டு மேலே ஓடியது. ஒரு கன்றுக்குட்டி. அது போய்த் தாயோடு சேர்ந்ததும் இரண்டும் சோலைக்குள் மறைந்தன.

ஓடிப்போய் அவரைத் தூக்கினேன். மீசை கன்னமெல்லாம் அப்பியிருந்தது.

"உன் பின்னாடி கன்னு நிக்குது, தள்ளிப் போன்னு எத்தனை வாட்டி காட்டுனேன்! தாய் எங்கிருந்து வருமோன்னு உசுரே போச்சு. நீ டைரக்சன் பண்ணிட்டே இருக்கற!"

"தாய் உங்க பின்னாடி நின்னுச்சுங்க," என்றேன்.

அவர் மறுபடியும் வாய்க்காலுக்குள்ளேயே உட்கார்ந்துவிட்டார்.

அந்தப் படத்தைத்தான் பண்டிகையில் போட்டார்கள். அவர் முழங்கால் போட்டுக் கும்பிடும் இடத்தில் சபையே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. எனக்காக அவர் அப்படிக் கெஞ்சி நான் பார்த்ததே இல்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதேன். நானும் சிரிக்கிறேன் என்று நினைத்துப் பக்கத்து வீட்டு ஞானசுந்தரி அக்கா என் முதுகில் தட்டினார்.