வலப்பக்கம் குத்திய குச்சி

ஃப்ரீசரிலிருந்து டப்பாவை எடுத்துத் திறந்தான். ஆறு குட்டிக் குடைமிளகாய்கள் பனி பூத்து வரிசையாகப் படுத்திருந்தன. எண்ணிக்கை சரி. மூடியில் ஒட்டிய காகிதத்தில் மனைவியின் எழுத்தும் அப்படியே இருந்தது: "ஞாயிறு, அப்பாவுக்கு." பல்குச்சிகள்தான் சரியில்லை.

அவன் பாட்டில் தொழிற்சாலையில் தரம் பார்க்கிறவன். பெல்ட்டில் ஓடும் பாட்டிலின் கழுத்தில் மயிரிழை விரிசல் இருந்தாலும் கை தானாக நீண்டு எடுத்துவிடும். அந்தக் கண்ணை வேலையிலேயே கழற்றி வைத்துவிட்டு வர அவனுக்குத் தெரியாது.

மனைவி இடதுகைக்காரி. குடைமிளகாயை நீளவாக்கில் கீறி, விதையை எடுத்துவிட்டு, வெங்காயத்தாளும் மிளகுத்தூளும் சேர்த்துப் பிசைந்த சீஸை உள்ளே அடைப்பாள். கீறலை ஒரே ஒரு பல்குச்சியால் தைப்பதுபோல் மூடுவாள். அந்தக் குச்சிக்கு ஒரு முனை கூர், மறுமுனையில் வளையம் செதுக்கியிருக்கும். அவள் குத்தினால் காம்பு மேலே பார்க்க, வளையம் எப்போதும் இடப்பக்கம் நிற்கும். இந்த ஆறிலும் அது வலப்பக்கம் நின்றது.

அவள் போய் எட்டு மாதம். ஒரு புதன்கிழமை இதைச் செய்து ஃப்ரீசரில் வைத்தாள். வியாழக்கிழமை மதியம் தலைவலி என்று படுத்தவள் எழுந்திருக்கவில்லை. துணிமணியை அவள் அப்பா எடுத்துக்கொண்டு போனார். செருப்பைக்கூடக் கொடுத்துவிட்டான். இந்த டப்பாவை மட்டும் யாரும் தொடக் கூடாது என்று வைத்திருந்தான். அவள் கையால் செய்து மிச்சமிருந்தது இது ஒன்றுதான். இப்போது வேறு ஊர்த் தொழிற்சாலைக்கு மாற்றல் வந்துவிட்டது. ஃபிரிட்ஜ் வீட்டுக்காரருடையது. சாப்பிட்டே தீர வேண்டும், இல்லாவிட்டால் குப்பையில் போட வேண்டும்.

சாப்பிடலாம் என்று மனதைத் தயார் செய்து டப்பாவைத் திறந்தால், யாரோ மாற்றி வைத்திருக்கிறார்கள்.

வீட்டுச் சாவி இன்னும் இரண்டு பேரிடம் இருந்தது. ஒருவர் மாமனார். முப்பது வருடம் லிஃப்ட் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவர். கேட்டால் ஒழிய வாய் திறக்காதவர். இன்னொருத்தி எதிர் வீட்டு டெய்லரக்கா. போன மாதம் அவன் புதுத் தொழிற்சாலையில் பயிற்சிக்காக நான்கு நாள் போயிருந்தான். மாமனார் செடிக்குத் தண்ணீர் ஊற்ற வந்தார். அக்காவும் கூரியர் வாங்கி உள்ளே வைக்க வந்து போனாள். திரும்பி வந்தபோது சமையலறைத் தரை கண்ணாடிபோல் மின்னியது. ஃபிரிட்ஜுக்குள் சோப்பு வாசனை அடித்தது. 'அக்கா துடைத்திருப்பாள்' என்று அன்றைக்கு நினைத்தான். இன்றைக்கு அதே தரையை நினைத்தால் வேறு மாதிரி தோன்றியது. காரணம் இல்லாமல் யார் அடுத்தவர் வீட்டு ஃபிரிட்ஜைக் கழுவுவார்கள்?

அக்காவின் மேல்தான் சந்தேகம் முதலில் விழுந்தது. அந்த வாரம் அவள் வீட்டுக்கு விருந்தாளிகள் வந்திருந்தார்கள். இந்தக் குடைமிளகாயை நினைத்தாலே நாக்கு ஊறுது என்று நூறு தடவை சொன்னவள் அவள். எடுத்து விருந்தாளிகளுக்குப் போட்டுவிட்டு, பயந்துபோய்ப் புதிதாகச் செய்து வைத்திருந்தால்? மாமனார் செய்திருப்பார் என்று நினைக்கவே முடியவில்லை. அந்த மனிதருக்கு வெந்நீர் வைக்கக்கூட அடுப்புக் குமிழ் எந்தப் பக்கம் திரும்பும் என்று தெரியாது.

இரண்டு பேரையும் ஞாயிறு மதியம் சாப்பிடக் கூப்பிட்டான். ஒன்றும் கேட்கப் போவதில்லை. முகத்தைப் பார்க்கப் போகிறான். அவளுடையதா இல்லையா என்று கண்டுபிடிக்க அவனிடம் இன்னொரு வழியும் இருந்தது. அது அவனுக்கும் மனைவிக்கும் மட்டும் தெரிந்த விஷயம்.

பால்கனியில் சின்ன கிரில் அடுப்பில் கரி கனன்றது. பனி இறங்கிய குடைமிளகாய்களைக் கம்பிவலைமேல் வைத்து எண்ணெய் தடவினான். தோல் சுருங்கிக் கறுத்துக் கொப்பளித்தது. கீறல் வழியாக சீஸ் கசிந்து கரியில் விழுந்து சுர்ரென்றது. வாசனை என்னவோ அவள் வாசனைதான். அதையும் அவன் நம்பவில்லை.

"தம்பி, தெரு முனை வரைக்கும் மணக்குது போ!" என்று சொல்லிக்கொண்டே டெய்லரக்கா வந்தாள். கழுத்தில் இஞ்சு டேப் தொங்கியது. ஞாயிற்றுக்கிழமைகூட அதைக் கழற்ற மாட்டாள். "நீ கிளம்பிப் போயிட்டா நான் யார்கிட்ட வம்பளக்கிறது?"

"ஃபோன் இருக்குல்லக்கா."

"ஃபோன்ல வாசனை வருமா?"

மாமனார் ஏற்கனவே மேஜை ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். கைகளை மடியில் வைத்திருந்தார். அடுப்புப் பக்கம் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. அதை அவன் குறித்துக்கொண்டான்.

"நான் ஊர்ல இல்லாதப்போ ஃபிரிட்ஜைத் துடைச்சீங்களாக்கா?" கேட்க மாட்டேன் என்றிருந்தவன் கேட்டுவிட்டான்.

"நானா? என் வீட்டு ஃபிரிட்ஜையே வருஷத்துக்கு ஒரு தடவைதான் துடைக்கிறேன். வேலையத்துப் போயி உன் ஃபிரிட்ஜைத் துடைக்க வந்தேனா!"

சிரித்தாள். ரொம்பச் சத்தமாகச் சிரித்ததுபோல் அவனுக்குப் பட்டது. மாமனார் டம்ளரை எடுத்துத் தண்ணீர் குடித்தார்.

ஆளுக்கு ஒன்று வைத்தான். டப்பாவின் மூலையில் இருந்ததை மாமனார் தட்டில் வைத்தான். பச்சை மிளகாய் ஒளித்த ஒன்றை அவள் எப்போதும் மூலையில்தான் வைப்பாள். மிளகாய் இருந்தால் அவள் செய்தது, இல்லையென்றால் திருட்டு.

அக்கா ஒரே கடியில் பாதியை உள்ளே தள்ளினாள். இரண்டு முறை மென்றாள். கண் பிதுங்கியது.

"ஐயோ! யப்பா! என்னத்த வெச்சிருக்கே உள்ளே? நான் உனக்கு என்ன பாவம் பண்ணேன்?"

அவன் திகைத்தான். அக்காவுடையதில் பச்சை மிளகாய், முழுசாக, காம்போடு. தன்னுடையதைப் பிய்த்தான். சீஸுக்கு நடுவே இன்னொன்று பச்சையாகக் கிடந்தது. கிரில்லில் மீதியிருந்த மூன்றையும் கரண்டியால் கீறிப் பார்த்தான். மூன்றிலும் இருந்தது.

"சர்க்கரை இருக்கா? உன் வீட்டுல எங்க இருக்கப் போகுது. என் வீட்டுக்கே போறேன்," என்று வாயை விசிறிக்கொண்டே அக்கா எதிர் வீட்டுக்கு ஓடினாள். திருடியவள் தானே வைத்த மிளகாயை அப்படிக் கடிக்க மாட்டாள்.

மேஜையில் மாமனார் மட்டும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். மூக்கு சிவந்து கண்ணில் நீர் வழிந்தது. வாயிலிருந்து ஒரு சத்தம் இல்லை. ஏழு வருடமாக அவர் இப்படித்தான் சாப்பிட்டார்.

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது.

"மாமா, இதைச் செஞ்சது யாரு?"

"ஏன், பாப்பாதான்." மகளுக்கு அவர் வைத்திருந்த பெயர் அது.

"அவ ஆறுலயும் மிளகாய் வைக்க மாட்டா."

"எப்பவும் வைப்பாளே, மாப்பிள்ளை."

"ஒண்ணே ஒண்ணுலதான் வைப்பா. அது எப்பவும் உங்க தட்டுக்குத்தான் வரும்."

மாமனார் மெல்வதை நிறுத்தினார்.

அவன் சொன்னான். சாப்பாடு நன்றாக இருக்கிறது, இல்லை என்று அப்பா ஒரு வார்த்தை சொன்னதே கிடையாது, உப்பே போடாவிட்டாலும் தட்டைக் காலி செய்துவிட்டு எழுந்து போவார் என்று அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே குறை. ஒரு நாளாவது வாயைத் திறக்க வைக்கிறேன் பார் என்று மிளகாய் வைக்க ஆரம்பித்தாள். திறக்க மாட்டார் என்றான் இவன். தோற்றவர்கள் ஒரு மாதம் பாத்திரம் கழுவ வேண்டும் என்று பந்தயம். ஏழு வருடமாக முடியாத பந்தயம்.

"எனக்கு மட்டுமா?" என்றார் அவர்.

"உங்களுக்கு மட்டும்தான்."

"நான் எல்லாருக்கும்தான் இருக்குன்னு நினைச்சேன். எல்லாரும் பேசாம சாப்பிடறீங்க, நான் மட்டும் எதுக்குக் கூப்பாடு போடறதுன்னு…"

நடுவிலேயே நின்றுவிட்டார். அகப்பட்டுக்கொண்டோம் என்று அவருக்கே தெரிந்துவிட்டது.

"அவ செஞ்சது எங்க மாமா?" அவன் குரல் அவன் நினைத்ததைவிட உயர்ந்தது. "அது ஒண்ணுதான் வெச்சிருந்தேன். உங்களுக்குத் தெரியும். எதுக்கு எடுத்தீங்க?"

அவர் தட்டில் கிடந்த குச்சியை ஓரமாக ஒதுக்கினார்.

"சொல்லுங்க மாமா."

"வேணாம் மாப்பிள்ளை. நான்தான் எடுத்துத் தின்னுட்டேன்னு வெச்சுக்கோங்க."

"வெச்சுக்க முடியாது."

அவர் டம்ளரைத் தள்ளி வைத்தார். "மூணாம் நாள் செடிக்குத் தண்ணி ஊத்த வந்தேன். வீடு பூரா ஈரம். ஃபிரிட்ஜ்லேர்ந்து தண்ணி ஓடி வாசல் வரைக்கும் வந்திருந்துச்சு. கெட்ட வாடை. மெயின் சுவிட்ச் அணைஞ்சிருந்துச்சு."

"கரண்ட் போயிருக்கும்."

"கையால அணைச்சிருந்துச்சு, மாப்பிள்ளை."

ஊருக்குக் கிளம்பும்போதெல்லாம் அவள் படியில் நின்று கத்துவாள்: மெயினை அணைச்சியா? அதற்கு முன்பே ஃபிரிட்ஜைக் காலி செய்துவிடுவாள்; அது அவள் வேலை. அணைப்பது அவன் வேலை. போன மாதம் படியில் யாரும் கத்தவில்லை. ஆனாலும் கை போயிருக்கிறது. கதவைப் பூட்டியதும், பையைத் தோளில் மாட்டியதும் நினைவிருந்தது. சுவிட்ச் மட்டும் நினைவில் இல்லை. நினைவில் இல்லாமல் செய்கிற வேலை அது.

ஊரையே சந்தேகப்பட்டவன் தன் கையைச் சந்தேகப்படவில்லை.

"எல்லாம் ஊசிப் போயிருந்துச்சு," என்றார் மாமனார். "தூக்கிப் போட்டேன். கழுவி விட்டேன். நீங்க வந்து பாத்தா தாங்க மாட்டீங்க. நீங்களே அணைச்சதுன்னு தெரிஞ்சா இன்னும் மோசம். மார்க்கெட்டுக்குப் போயி அதே அளவுல பொறுக்கினேன். முதல் தடவை எல்லாம் கிழிஞ்சு போச்சு. மூணு தடவை செஞ்சேன்."

"நீங்களா?"

"கடைக்காரம்மாகிட்டக் கேட்டுக்கிட்டேன். மிளகாயை மட்டும் நானே நினைப்பு வெச்சுப் போட்டேன்."

அவன் குச்சியை எடுத்து விரலில் உருட்டினான். அவள் செய்தது போய்விட்டது. அதைப் போகவிட்டது அவன். கோபப்பட ஆள் யாரும் மிச்சமில்லை.

தட்டில் மிச்சமிருந்ததை வாயில் போட்டான். காரம் காது வரை ஏறியது. எட்டு மாதமாக வராத கண்ணீர் வந்தது. மிளகாயால் வந்தது என்று வைத்துக்கொண்டான். மாமனாரும் தன் மீதியை எடுத்தார். இரண்டு பேரும் மூக்கை உறிஞ்சிக்கொண்டு தின்றார்கள்.

"மாப்பிள்ளை," என்றார் அவர்.

"ம்."

"காரம் ரொம்ப ஜாஸ்தி." சற்றுப் பொறுத்து, "ஏழு வருஷமாவே," என்றார்.

அவன் நிமிர்ந்து பார்த்தான். அவர் தட்டுகளை அடுக்கி எடுக்கப் போனார். அவன் அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டான்.

"வைங்க மாமா. இந்த ஒரு மாசம் நான்தான் கழுவணும்."